சாக மறுத்த அனலரசன்

என் அத்தை மகனிடம் நான் கேட்டது ஒன்றே ஒன்றுதான். மூன்றாவது மந்திரத்தில் செத்து விழ வேண்டும். அதற்காக ஒரு மாதமாக அவனைப் பழக்கியிருந்தேன். அப்படியிருந்தும் அத்தனை பேர் பார்த்துக்கொண்டிருக்கும்போது அவன் சாக மறுத்துவிட்டான். இன்றைக்கு நினைத்தாலும் எனக்குப் பற்றிக்கொண்டு வருகிறது.

அறுபதுகளின் நடுவில் நடந்தது. எங்கள் இருவருக்கும் பத்து வயது. என் அப்பாவும் அத்தையின் கணவரான மாமாவும் கூட்டாக நல்லூரில் ஒரு சின்ன பனியன் கம்பெனி நடத்தினார்கள். நாலு மிஷின், ஓட்டுக் கூரை. பின்னாலிருந்த ஒரே வளவில் இரண்டு குடும்பமும் குடியிருந்தோம். ஆயுத பூஜையன்று மிஷின்களைத் துடைத்துப் பொட்டு வைத்து மாலை போட்டு நிறுத்திவிடுவார்கள். அந்த வருடம் பூஜை முடிந்ததும் நாடகம் உண்டு என்று நான் அறிவித்தேன். யாரும் கேட்கவில்லை. யாரும் தடுக்கவும் இல்லை.

எழுதியது நான். இரண்டு நிலாக்கள் காயும் ஓர் உலகம். அதன் தெற்கே அனலரசன், வடக்கே பனியரசி. அனலரசன் உலகத்து மழையையெல்லாம் பிடித்துச் செப்புக்குடத்தில் அடைத்து வைத்திருக்கிறான். பனியரசி படையெடுத்துப் போய் மூன்று மந்திரங்களில் அவனைச் சாய்த்துக் குடத்தைத் திறக்கிறாள். மழை கொட்டுகிறது, திரை விழுகிறது. பனியரசி யார் என்று சொல்லத் தேவையில்லை.

அத்தை மகனுக்கு வசனம் சுத்தமாக வராது. “அடி பனிப்பேயே” என்பதை “அடி பணிப்பெண்ணே” என்று சொல்லி என் உயிரை வாங்குவான். ஆனால் விழுவதில் அவனை மிஞ்ச ஆளில்லை. நெஞ்சைப் பிடித்துக்கொண்டு ஒரு சுற்று சுற்றி, கால் மடங்கி, கடைசியாக ஒரு கையைத் தூக்கி, அதையும் தொப்பென்று போட்டுவிட்டுச் சாவான். வளவுப் பிள்ளைகள் அந்தச் சாவைப் பார்ப்பதற்காகவே ஒத்திகைக்கு வருவார்கள். அதை நம்பித்தான் வசனத்தை மன்னித்திருந்தேன்.

பூஜையன்று காலையிலிருந்தே பெரியவர்கள் யாருக்கும் முகம் சரியில்லை. அப்பா, அம்மா, அத்தை, மாமா நால்வரும் ஆபீஸ் அறைக் கதவைச் சாத்திக்கொண்டு வெகுநேரம் பேசினார்கள். வெளியே வந்த அத்தையின் கண்கள் சிவந்திருந்தன. சாம்பிராணிப் புகை என்று நினைத்துக்கொண்டேன். என் கவலையெல்லாம், இவர்கள் பேசிப் பேசி என் நாடகத்துக்கு நேரமில்லாமல் செய்துவிடுவார்களே என்பதுதான்.

ஒருவழியாக ஆரம்பித்தோம். கம்பெனி ஆட்கள் பொரிகடலை மென்றுகொண்டு உட்கார்ந்திருந்தார்கள். முன்னால் ஒரே பெஞ்சில் அப்பாவும் மாமாவும். கீழே பாயில் ஒரு பக்கம் அம்மா, மறு பக்கம் அத்தை. நான் பஞ்சுக் கழிவை உடம்பெல்லாம் ஒட்டிக்கொண்டு நின்றேன். அவன் மேல் சிவப்புச் சாயத் துணி. வியர்வையில் சாயம் கரைந்து அவன் கழுத்துவரை சிவந்துவிட்டது.

முதல் மந்திரம் போட்டேன். தள்ளாடினான். இரண்டாவதற்கு முழங்கால் மடங்கியது. எல்லாம் ஒழுங்காகத்தான் போய்க்கொண்டிருந்தது. மூன்றாவது மந்திரத்துக்குக் கையை உயர்த்தினேன். அவன் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு சுற்றத் தொடங்கினான்.

“விழுகாத சாமி! எவ முன்னாலயும் நீ விழுக வேண்டாம்!”

அத்தைதான். பாயிலிருந்து பாதி எழுந்துவிட்டாள். பாதிச் சுற்றில் அவன் அப்படியே நின்றுவிட்டான்.

நான் நாலாவது மந்திரம் போட்டேன். நாடகத்தில் நாலாவது மந்திரமே கிடையாது.

“போடு கண்ணு, இன்னொண்ணு போடு! எப்படி விழுகாம நிக்கறான்னு பார்த்தரலாம்!” இது என் அம்மா.

நாடகம் பார்க்க வந்தவர்கள் பார்த்துவிட்டுப் போக வேண்டியதுதானே? ஒரு மாத உழைப்பை இரண்டு பேரும் பங்கு போட்டுக் கெடுத்துக்கொண்டிருந்தார்கள். ஐந்து, ஆறு, ஏழு என்று வாய்க்கு வந்ததையெல்லாம் மந்திரமாகச் சொன்னேன். ஒரு கட்டத்தில் பதினாறாம் வாய்ப்பாடு கூடச் சொன்னேன். அவன் அசையவில்லை. ஆட்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள்.

கிட்டே போய்ப் பல்லைக் கடித்துக்கொண்டு, “விழுடா!” என்றேன்.

“அம்மா வேண்டாங்கறாங்க” என்றான், அழுதுவிடுவான் போல.

எனக்கு வெறுத்துவிட்டது. யாராவது ஒருவர் செத்தால்தான் இந்தப் போர் முடியும். “நானே சாகறேன், போ!” என்று கத்திவிட்டுத் தரையில் மல்லாந்து படுத்துக் கண்ணை மூடிக்கொண்டேன்.

ஜெயித்தவனுக்கென்று நான் ஒரு வசனமும் எழுதியிருக்கவில்லை. ஒற்றைக் கண்ணைத் திறந்து பார்த்தேன். அவன் தன் அம்மாவைப் பார்த்தான். என்னைப் பார்த்தான். பிறகு நெஞ்சைப் பிடித்துக்கொண்டு, ஒரு முழுச் சுற்று சுற்றி, கால் மடங்கி, கையைத் தூக்கிப் போட்டு, என் பக்கத்தில் விழுந்து செத்தான். ஒத்திகையில் கூட அவ்வளவு அழகாகச் செத்ததில்லை.

கூரை அதிரக் கைதட்டினார்கள். அத்தை வாயில் முந்தானையை அடைத்துக்கொண்டு அழுதாள். அம்மா எழுந்து உள்ளே போய்விட்டாள். நாடகத்தில் செத்ததற்கு இவர்கள் ஏன் இப்படிச் செய்கிறார்கள் என்று எரிச்சலாக இருந்தது. அதைவிட எரிச்சல், பெஞ்சிலிருந்த இரண்டு பேர் மட்டும் கைதட்டவில்லை. ஆளுக்கொரு மிஷினைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்கள்.

நேராக அப்பாவிடம் போனேன். “நீங்க ஏனுங்கப்பா கை தட்டல?”

“தட்டுனேனே கண்ணு” என்றார்.

மாமாவும் அதையே சொன்னார். பெரிய மனிதர்கள் இரண்டு பேர் பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்துகொண்டு ஒரே பொய்யைச் சொல்கிறார்களே என்று எனக்கு ஆறவே இல்லை.

கூட்டுத் தொழிலைப் பிரித்துக்கொள்வதென்று அன்று காலை அந்த அறையில் முடிவாகியிருந்தது எனக்கு வெகுகாலம் கழித்துத்தான் தெரிந்தது. அடுத்த வாரம் இரண்டு மிஷின்கள் மாட்டுவண்டியில் ஏறின. அத்தை வீட்டுப் பாத்திரங்கள் இன்னொரு வண்டியில். முதலிபாளையத்துக்குப் போகிறார்கள் என்றார்கள். மிஷின் ரிப்பேருக்குப் போகிறது, பார்த்துக்கொள்ள அவர்களும் கூடப் போகிறார்கள் என்று நானாக எண்ணிக்கொண்டேன்.

வண்டியின் பின்னால் காலைத் தொங்கப் போட்டு அவன் உட்கார்ந்திருந்தான். எனக்கு இன்னும் கோபம் தீரவில்லை. வண்டிகூடவே நடந்துபோய், “அடுத்த வருசமாவது மூணாவது மந்திரத்துலயே விழோணும், தெரிஞ்சுதா?” என்றேன்.

“செரி” என்றான்.