பல்லில் கடித்த பறி

பொன்னேரி மார்க்கெட்டில் இறால் விற்பவளின் ஓலைப் பறிக் கூடையிலிருந்து ஏரிச் சேற்றின் வாடை வந்தது. உடனே அம்மாவின் வாய் நினைவுக்கு வந்துவிட்டது.

வீட்டில் மேசை இல்லாததால், பழவேற்காட்டில் டச்சுக்காரர்களின் கல்லறைக் கல்மேல் தாளை வைத்துத்தான் அம்மா கதை எழுதுவாள். ஏரியில் யார் எங்கே வலை போடுவது என்பதை எங்கள் குப்பத்தில் சீட்டுக் குலுக்கி முடிவு செய்வார்கள். அந்த முறைக்குப் பாடு என்று பெயர். ஆண்கள் பெயருக்குத்தான் சீட்டு. புருஷன் செத்தவளுக்குப் பாடு இல்லாமல் போவதை அம்மா கதையாக எழுதினாள். அது பத்திரிகையில் வந்ததும் ஊர்ப் பெரியவர்கள் என் நைனாவின் சீட்டைக் குலுக்கலிலிருந்தே நீக்கிவிட்டார்கள்.

"கத பொய்னு சொல்லிடு. பாடு தர்றாங்களாம்," என்றார் நைனா.

"பொய்யா இருந்தா இன்னாத்துக்கு நம்ம பாட்டப் புடுங்குனாங்க?" என்றாள் அம்மா.

அதன்பின் அவள் கையால் இறால் பிடிக்கப் போனாள். முழங்காலளவு தண்ணீரில் தவழ்ந்தபடி இரண்டு கைகளாலும் சேற்றைத் துழாவவேண்டும். பறியைப் பல்லால் கடித்துக்கொள்ளவேண்டும். சிப்பி கிழித்து விரல்கள் வீங்கின. பேனா பிடிக்க முடியவில்லை.

"நாளைக்கு நான் சொல்றேன், நீ எழுது," என்றாள் என்னிடம்.

மறுநாள் அவள் கரையேறியபோது தாளோடு காத்திருந்தேன். பறியை இறக்கிவிட்டு என் பக்கத்தில் உட்கார்ந்தாள். தாடை இறுகிப் போயிருந்தது. எவ்வளவு முயன்றும் ஒரு சொல்கூட வரவில்லை.

"இன்னாம்மா வேணும்?" என்று மார்க்கெட்டுக்காரி மறுபடியும் கேட்டாள். அம்மாவுக்குப் போலவே அவளுக்கும் முன்பற்கள் தேய்ந்திருந்தன.