திஹோனியின் பெயர் கப்பலில் போய்வந்த கதை

எங்கள் தீவின் வைதோரு விரிகுடாவில் ஈரப்பலாவைக் குழியில் போட்டுப் புளிக்க வைப்பதில் திஹோனியை மிஞ்ச ஆள் கிடையாது. மூடிய இலையை விலக்காமலே மோந்து பார்த்து, இன்னும் எத்தனை நாள் என்று சொல்லிவிடுவான். அப்பேர்ப்பட்ட மூக்கை வைத்துக்கொண்டு, மாசக் கணக்கில் குளிக்காத ஒரு வெள்ளைக்காரனைப் போய்க் கட்டிப்பிடித்தான் பாருங்கள், அங்கேதான் கோமாளித்தனம் ஆரம்பித்தது.

முதல் கப்பல் வந்த சமயம் அது. வந்தவர்கள் கரையில் ஒரு கம்பை நட்டார்கள், துணியைக் கட்டினார்கள், வானத்தைப் பார்த்துச் சுட்டார்கள். வானம் அவர்களை என்ன செய்ததோ தெரியவில்லை. பிறகு விரிகுடாவுக்குத் தங்கள் ராஜாவின் சித்தப்பா பெயரை வைத்தார்கள். இதற்கு ஏற்கெனவே பெயர் இருக்கிறதா என்று ஒருத்தனும் கேட்கவில்லை. எங்கள் ஜனங்களும், ஏதோ மழைக்கு மந்திரம் போடுகிறார்கள் என்று வாயைப் பிளந்து நின்றார்கள்.

திஹோனி மட்டும்தான் முறையாகப் பெயர் கொடுத்துப் பெயர் வாங்கினான். எங்களுக்குச் சிநேகம் என்றால் அதுதான். என் பெயர் உனக்கு, உன் பெயர் எனக்கு. அப்புறம் நீதான் நான். கேட்காமல் கொடுக்கலாம், கேட்காமல் எடுக்கலாம். பண்டமாற்று மட்டும் கூடவே கூடாது. தன்னோடு தானே எவனாவது பேரம் பேசுவானா? டாம் என்ற சிவப்புத் தாடிக்காரன் திஹோனி ஆனான். திஹோனி எங்கள் வாயில் 'தாமி' ஆனான். கப்பல் போய்விட்டது.

மூன்று வருஷம், 'திஹோனி' என்று கூப்பிட்டால் திரும்பவே மாட்டான். "அந்தப் பேரு கடல்ல இருக்கு. அவன் பத்திரமா வச்சிருப்பான்" என்பான். ஊரே சிரிப்பை அடக்கிக்கொண்டு 'தாமி' என்றது. அவன் பெண்டாட்டி துயானா மட்டும் இரண்டு பெயரையும் தொடவில்லை. அவளுக்கு அவன் வெறும் 'யோவ்'.

இரண்டாவது கப்பல் வந்தது. அதில் சிவப்புத் தாடி தெரிந்ததாக மீன்பிடிக்கப் போனவர்கள் சொன்னதும், வீட்டிலிருந்த ஒரே பன்றியைக் காலைக் கட்டித் தூக்கினான் திஹோனி.

"யோவ், அது என் தங்கச்சிக்குப் புள்ள பொறந்தா விருந்து வைக்க வளத்தது!" என்றாள் துயானா.

"அவன் வேற, நான் வேறயா?"

"ஆமாமா, ரெண்டும் ஒண்ணுதான். அவனுக்குப் பேன் தாடில, உனக்கு மண்டைக்குள்ள."

அவள் தம்பி ராஹிதான் கூடத் துடுப்புப் போட்டான். பாதி தூரத்தில் கேட்டான்: "மச்சான், அவன் அந்தப் பேர மறந்திருந்தா?"

"தன் பேரை எவன்டா மறப்பான்?"

"மறந்திருந்தா?"

திஹோனியின் துடுப்பு நின்றது. "அப்ப நான் யாருடா?"

யாரையும் கிண்டல் செய்யாமல் விடாத ராஹி, படகுக்குள் இல்லாத தண்ணீரை இறைக்க ஆரம்பித்தான்.

பன்றியைத் தோளில் போட்டுக்கொண்டு கப்பலில் ஏறி, தளத்தில் இறக்கினான் திஹோனி. அங்கே சிவப்புத் தாடி கயிறு சுருட்டிக்கொண்டிருந்தது.

"திஹோனி!" என்று கூப்பிட்டான் திஹோனி.

அவன் திரும்பவில்லை. "திஹோனி!" இன்னும் சத்தமாக. மற்ற மாலுமிகள் சிரித்தார்கள். பின்னாலிருந்து எவனோ "டாம்!" என்று கத்தினான். சட்டென்று திரும்பினான் சிவப்புத் தாடி.

அவன் கண் திஹோனியின் முகத்தைத் தாண்டிப் போய், பன்றியின் மேல் நின்றது. சட்டைப்பையைத் துழாவி ஓர் இரும்பு ஆணியை நீட்டினான். யோசித்து, இன்னொன்று.

திஹோனி ஆணியைத் தொடவில்லை. பன்றியை மறுபடி தோளில் போட்டுக்கொண்டான். விலை போதவில்லை போலிருக்கிறது என்று அந்த மடையன் மூன்றாவது ஆணியைத் தேடிக்கொண்டிருக்கும்போதே, அவன் நெஞ்சில் கையை வைத்து, "தாமி. இந்தா, உன் பேரு" என்றான் திஹோனி. பிறகு தன் நெஞ்சைத் தட்டிக்கொண்டான். "என்னுது என்கிட்ட."

திரும்பி வரும்போது, கரையில் புதுக் கப்பல்காரர்கள் புதுக் கம்பு நட்டு, விரிகுடாவுக்கு இன்னொரு பெயர் வைத்துக்கொண்டிருந்தார்கள். அவர்களைத் தாண்டி, முழங்கால் தண்ணீரில் நின்றிருந்தாள் துயானா. படகில் பன்றியைப் பார்த்தாள். அவன் முகத்தையும் பார்த்தாள். வாயில் வைத்திருந்த வசவையெல்லாம் விழுங்கிக்கொண்டாள்.

"திஹோனி" என்றாள், மூன்று வருஷத்தில் முதல் தடவையாக. "பன்னிய இறக்கு. கால் கட்டு இறுக்குது பாரு அதுக்கு."

"தோ, இறக்குறேன்" என்றான் திஹோனி.