என் தம்பி செத்து விழுந்த படங்கள்

என் தம்பி இத்தாலியப் படங்களில் அடிபட்டு விழுகிற ஆளாகவும், பிறகு சின்னச் சின்ன வேடம் போடுகிற நடிகனாகவும் இருபத்தைந்து வருஷம் வேலை செய்தான். றக்வானைக்கு மேலே எங்கள் தேயிலைத் தோட்டத்தில் அப்பாவைத் தவிர இது யாருக்கும் தெரியாது. தெரியாமல் பார்த்துக்கொண்டவன் நான்.

அப்போது நான் தோட்டப் பள்ளிக்கூடத்தில் அதிபர்.

"மாஸ்டர் தம்பிக்கு அங்க என்ன வேலைங்க?" என்று கேட்பார்கள்.

"ஹோட்டல்ல சூப்பர்வைசர்" என்பேன்.

வீடு துடைக்கிற வேலைக்குத்தான் அவன் போனான். பிறகு ஒரு படப்பிடிப்புக் கூடத்தைக் கூட்டிப் பெருக்கினான். ஒருநாள் படியில் உருள வேண்டிய ஆளுக்குக் கால் பிசகிவிட்டது. தம்பிக்கும் அதே உயரம், அதே உடம்பு. அந்த ஆளின் கோட்டை மாட்டிக்கொண்டு உருண்டான். மறுவாரமும் கூப்பிட்டார்கள்.

படங்களை அப்பா பார்ப்பதற்கென்று என் விலாசத்துக்கு சீடியாக அனுப்பினான். நான் கதவைச் சாத்திக்கொண்டு தனியாகப் பார்த்தேன். விழுகிற இடம் வந்ததும் நிறுத்தி, திருப்பி, மறுபடி பார்ப்பேன். ஒரு படத்தில் நான்கு முறை சாகிறான், ஒரு முறைகூட முகம் தெரியவில்லை. பின்னால் வந்த படங்களில் காவல்காரனாக, லொறி டிரைவராக இரண்டு வரி பேசினான். வாய் அவனுடையது, குரல் வேறு யாருடையதோ. அந்தக் குரல்காரன் எப்படி இருப்பான் என்று நாள்கணக்கில் யோசித்திருக்கிறேன்.

அப்பா பத்து நிமிஷ நடையில், கீழ் லயத்தில், தொழிலாளர் வரிசை வீடு ஒன்றில் இருந்தார். அவரிடம் தொலைபேசி இல்லை; ஒருமுறை என் வீட்டுக்கு எடுத்தபோது தம்பி அவரிடம் விஷயத்தைச் சொல்லியிருந்தான்.

"அவன் அங்க கூத்தாடுறானாமேடா. ஒரு தடவ காட்டேன்."

"படம் போடுற பெட்டி ரிப்பேருங்கப்பா."

எங்கள் தோட்டத்துக் காமன் கூத்தில் அப்பாதான் மன்மதன். சிவன் எரித்த மன்மதனை மூன்றாம் நாள் கூத்தில் எழுப்பாமல் வேஷம் கட்டியவர் வீட்டுக்குள் கால் வைக்கக்கூடாது. தம்பியின் படங்களில் அவனை யாரும் எழுப்புவதில்லை. கிழவர் தாங்கமாட்டார் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். அப்பா பார்த்தாரா என்று தம்பி கேட்டுக்கேட்டு எழுதியபோது, "அப்பா பார்த்தார், சிரித்தார்" என்று பதில் போட்டேன். அடுத்த வருஷம் அப்பா இறந்துபோனார்.

போன மாதம் தம்பி வந்திருந்தான். மத்தியானச் சாப்பாட்டுக்குப் பிறகு, இத்தனை வருஷமாக மனதில் கிடந்ததையெல்லாம் கேட்டேன்.

"அந்த நாலு தடவையும் ஏன்டா மூஞ்சிய மறைச்ச?"

"மூஞ்சி தெரிஞ்சா அதே படத்துல மறுபடி சாக முடியாதுண்ணே. அந்த மூஞ்சி ஒரு சாவுக்குத்தான் ஆகும்."

"மாடியிலருந்து விழுந்தது?"

"கீழ காலி அட்டப்பெட்டி அடுக்கியிருப்பாங்க. முதுகுல விழணும். காலக் குடுத்தா முட்டி போச்சு."

இருவரும் சிரித்தோம். அப்புறம் அவன் கேட்டான்.

"அப்பா சிரிச்சாருன்னு எழுதினீங்களே. எந்த எடத்துலண்ணே?"

ஓர் இடத்தைச் சொல்லியிருக்கலாம். எல்லாப் படமும் எனக்கு மனப்பாடம்.

"காட்டலடா. ஒண்ணுமே காட்டல."

"பிளேயர் இல்லையா?"

"இருந்துச்சு. நீ விழுந்தா எழும்பமாட்ட. அப்பா தாங்கமாட்டாருன்னுதான்…"

"அவரே வருஷா வருஷம் செத்து எழும்புனவருண்ணே. அவருக்கா வேஷம் தெரியாது?"

அதற்கு மேல் ஒளிய இடமில்லை. "வெக்கமா இருந்துச்சுடா. மாஸ்டரு தம்பி அடி வாங்கித்தான் பொழைக்கிறான்னு லயத்துல பேசுவாங்கன்னு."

அவன் வெகுநேரம் முழங்காலைத் தடவிக்கொண்டிருந்தான்.

"ஒங்க கடுதாசி வந்தப்போ வர்றதுக்கு லீவு கேட்டிருந்தேன். அப்பாதான் பாத்துட்டாரேன்னு லீவ விட்டுட்டு அடுத்த படத்துக்குப் போயிட்டேன்."

அந்த வருஷம் அவன் வந்திருந்தால் அப்பாவை உயிரோடு பார்த்திருப்பான்.

"அந்த சீடியெல்லாம் இருக்காண்ணே?"

அலமாரியிலிருந்து எடுத்து வந்தேன். ஒவ்வொன்றாகத் திருப்பிப் பார்த்துத் தன் பைக்குள் வைத்தான்.

"ஒண்ண மட்டும் வச்சிட்டுப் போயேன்டா" என்றேன்.

"இது அப்பாவுக்கு அனுப்பினதுண்ணே."

மறுநாள் காலை பஸ்ஸில், எம்பிலிப்பிட்டியவில் இருக்கும் தங்கை வீட்டுக்குப் போய்விட்டான். இன்னும் ஐந்து நாள் என்னோடு தங்குவதாகச் சொல்லித்தான் வந்திருந்தான்.