பூட்டிய கடையில் ஒரு புது எலுமிச்சம்பழம்

அந்த வெள்ளிக்கிழமை காலையில் நான் சிறுவாச்சூரில் இருந்தேன். கோயில் கூட்டத்தில் ரோடு அடைத்துக்கொண்டு, ஒரு விவசாயியின் போர்வெல்லுக்கு நான் ஏற்றிப்போன பைப் வண்டி நகராமல் நின்றது. கடையிலிருந்து போன். பில் போடும் செல்வி அழுதபடி சொன்னாள்: "சார், ஓவியர் ஐயா போயிட்டாருங்க. டீ கொண்டுபோய்க் கதவத் தட்டுனேன், தொறக்கவே இல்ல."

எப்படி, எப்போது என்றுதான் யாரும் கேட்பார்கள். என் வாயில் வந்தது வேறு. "மேல யாராச்சும் வந்தாங்களா?"

"யாரும் வரலீங்க. உள்பக்கம் தாப்பா போட்டபடியே இருந்துச்சு. பக்கத்துக் கடைக்காரங்க வந்துதான் ஒடச்சாங்க."

டாக்டர் பார்த்துவிட்டு, தூக்கத்திலேயே இதயம் நின்றிருக்கிறது என்று சொன்ன பிறகுதான் எனக்கு அழுகை வந்தது. அதுவரை பயம் அழ விடவில்லை.

ஓவியர் மருதமுத்துவோடு பழகியவர்களுக்கு நான் ஏன் அப்படிக் கேட்டேன் என்று தெரியும். அவர் வரைந்த காலண்டரை மட்டும் வாங்கிச் சுவரில் மாட்டியவர்களுக்குத் தெரியாது. இரு தரப்புக்கும் சேர்த்து இதை எழுதுகிறேன்.

பெரம்பலூரில் எனக்கு மோட்டார், பைப் கடை. சைக்கிளில் வாஷரும் வால்வும் கட்டிக்கொண்டு ஊர் ஊராகப் போய் விற்று எழுந்த கடை. மருதமுத்து ஆலத்தியூர்ப் பக்கம் ஒரு ஒப்பந்தக்காரரிடம் கட்டட வரைபடம் போட்டுக்கொண்டிருந்தார். தனி ஆள். ஒருமுறை பைப் வாங்க வந்தவர், நான் மாட்டியிருந்த லட்சுமி படக் காலண்டரைப் பார்த்துவிட்டு, "ஏவாரி, ஒங்க கஸ்டமர் இதப் பாத்து என்னா பண்ணுவார்?" என்றார்.

"கும்புடுவார்."

"கண்ண மூடித்தான கும்புடுவார்? அப்ப ஒங்க கடைப் பேர எப்பப் படிப்பார்?"

வியாபாரிக்கு இதைவிட வேறு என்ன சொல்ல வேண்டும். அடுத்த வருஷக் காலண்டரை அவரிடமே விட்டேன்.

அவர் கொண்டுவந்தது ஒரு கொலைக் கதை. மாதத்துக்கு ஒரு தாள், தாளில் ஐந்தாறு கட்டங்கள், ஓர் எழுத்துக்கூட வசனம் இல்லை. ஒரு கடைவீதி. அதில் ஒரு கடை மட்டும் பூட்டிக் கிடக்கிறது. கடைக்காரரைக் காணவில்லை. டீக்கடையில் பால் பொங்குகிறது, கும்பகோணம் பஸ் வந்து போகிறது, முந்திரிக்கொட்டை மூட்டை இறங்குகிறது. யாரும் பூட்டிய கடையைத் திரும்பிப் பார்ப்பதில்லை. அவ்வளவுதான் கதை. "இதுல கொலை எங்கங்க இருக்கு?" என்று கேட்டேன். "முப்பது நாளு சமையக்கட்டுல தொங்கட்டும். அவங்களே கண்டுபுடிப்பாங்க" என்றார்.

அவர் சொன்னதுதான் நடந்தது. மாதத்தின் தொடக்கத்தில் கண்ணில் படாத ஒன்று மாதம் முடிவதற்குள் பட்டுவிடும். கூட்டத்தில் எல்லாரும் பஸ்ஸைப் பார்க்க ஒருவர் மட்டும் தரையைப் பார்ப்பார். போன மாதத் தாளில் திண்டுக்கல் பூட்டு தொங்கிய இடத்தில் வேறு பூட்டு தொங்கும். பைப் வாங்க வந்த ஒரு அம்மா, "காலண்டரத் திருப்பி மாட்டிட்டுத்தாங்க சமைக்கிறேன். யாரோ பாக்குற மாதிரியே இருக்கு" என்று சொன்னார். அப்படிச் சொன்னவர் அடுத்த வருஷத்துக்கும் இப்போதே ஒன்று எடுத்து வைக்கச் சொல்லிவிட்டுப் போனார்.

அச்சுச் செலவைக் குறைக்க, கறுப்போடு ஒரே ஒரு வண்ணம்தான் தருவேன் என்று கறாராகச் சொல்லியிருந்தேன். அவர் மஞ்சளை எடுத்துக்கொண்டார். தெருவிளக்குக்குக் கொஞ்சம், ஒரு புடவைக் கரைக்குக் கொஞ்சம், பிறகு பூட்டிய கடையின் ஷட்டரில் மிளகாயோடு கோத்துத் தொங்கும் எலுமிச்சம்பழத்துக்கு. கண் நிற்பதற்கு ஓர் இடம் வேண்டும் என்பதற்காகத்தான் அங்கே மஞ்சள் வைத்ததாகச் சொன்னார். அதற்கு மேல் அவர் எதுவும் யோசிக்கவில்லை. அவர் வேலை செய்கிற முறை அப்படி. கதையைக் கற்பனை செய்வார், ஆனால் இடத்தை நேரில் பார்க்காமல் ஒரு கோடு போட மாட்டார். காலண்டர் வெளிவருவதற்கு முந்தைய வருஷம் முழுக்க, மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை ஜெயங்கொண்டத்துக்குப் பஸ் ஏறி, ஒரு பூட்டிய பாத்திரக் கடைக்கு எதிரே உட்கார்ந்து, கண்ணில் பட்டதைப் பட்டபடி வரைந்துகொண்டு வருவார். பெயர்ப் பலகையை மட்டும் மாற்றிவிட்டார். அந்தக் கடைக்காரர் வெளிநாடு போயிருக்கிறார் என்று டீக்கடையில் சொன்னதை நம்பியிருந்தார்.

வெயில் குறைந்து ஆடிக் காற்று தொடங்கிய சமயத்தில் ஓர் அம்மா காலண்டரைச் சுருட்டிக்கொண்டு கடைக்கு வந்தார். பெயர் தமிழரசி. உடையார்பாளையம் பக்கத்துக் கிராமம். அவருடைய தம்பி என் கடையில் மோட்டார் வாங்கியபோது கொடுத்த காலண்டர் அது. "இத வரைஞ்சவரப் பாக்கணுங்க" என்றார். மருதமுத்துவை வரவழைத்தேன்.

அந்த அம்மா தாளை விரித்து ஷட்டரில் இருந்த ஒரு நசுங்கலைக் காட்டினார். "இது லாரி இடிச்ச நசுங்கல். எங்க கடைங்க இது. எங்க வூட்டுக்காரர் போயி ரெண்டு வருஷம் ஆவுது. ஸ்கூட்டர எடுத்துக்கிட்டு மெட்ராஸ் போனாரு, அங்கேருந்து மலேசியா போறேன்னாருன்னு கடைக் கூட்டாளி சொல்றாரு. சாவி அந்தக் கூட்டாளிகிட்டதான் இருக்கு. கடையப் பூட்டுனதுலேருந்து அந்தப் பக்கமே நான் போகலைன்னு போலீசுலயும் சொல்லியிருக்காரு." பிறகு ஒவ்வொரு தாளாகப் புரட்டினார். "அப்படின்னா பழம் எப்படிங்க ஒவ்வொரு மாசமும் புதுசா இருக்கு?"

நான் வியாபாரி. அமாவாசைக்கு அமாவாசை எலுமிச்சை மாற்றுகிறவன். கட்டிய பழம் சில நாளில் சுருங்கி, அடுத்த அமாவாசைக்குள் கருத்துப்போகும் என்று எனக்குத் தெரியும். மாற்ற ஆள் இல்லாத கடையில் கருப்பட்டித் துண்டு மாதிரி ஒன்றுதான் தொங்க வேண்டும். தினம் பார்க்கிற காலண்டரில் இது எனக்கே படவில்லை. மருதமுத்துவின் முகம் வெளுத்துவிட்டது. "நான் பாத்ததத்தாம்மா வரைஞ்சேன்" என்றார்.

அந்த அம்மா அக்டோபர் தாளுக்கு வந்து நிறுத்தினார். கடைசிக் கட்டத்தில் ஓர் ஆள் முதுகைக் காட்டி ஸ்டூலில் நின்று ஷட்டரில் பழக் கயிற்றைக் கட்டுகிறார். "இவரப் பாத்தீங்களா?"

"பாத்தேம்மா. கடைக்காரரோட சொந்தம் போலன்னு நெனச்சேன். மொகம் தெரியல."

"கை தெரியுதுல்லங்க. எடது கையால முடிச்சுப் போடுறாரு. கூட்டாளிக்கு எடது கைதான் வாட்டம்." குரல் உயரவே இல்லை. "எனக்கு யாரையும் புடிச்சுக் குடுக்கணும்னு இல்லீங்க. காலையில எழுந்தா, நான் பொட்டு வைக்கலாமா, கூடாதா? அது மட்டும் தெரிஞ்சாப் போதும். நீங்க போலீசுல வந்து பாத்ததச் சொல்லுங்க."

அவர் போன பிறகு மருதமுத்து பைப் கட்டின் மேல் உட்கார்ந்து, ஒரு காலண்டரை எடுத்து அக்டோபர் தாளைத் திருப்பினார். "பயந்தவன்தான் கயிறு மாத்துவான் ஏவாரி" என்றார். "செத்தவன் உள்ளேருந்து வந்துருவானோன்னு கட்டியிருக்கான்."

அந்த வாரமே கூட்டாளி என் கடைக்கு வந்தார். அவர் பெயரை நான் எழுதவில்லை. ஊரில் எல்லாருக்கும் தெரிந்த பெயர்தான். எழுத என் கை வரவில்லை. வெள்ளை வேட்டி, நெற்றியில் திருநீறு, பொறுமையான பேச்சு. மருதமுத்து வழக்கம்போல் பைப் கட்டின் மேல் இருந்தார்.

"ஒங்க காலண்டரு எங்க ஊரு டீக்கடையில தொங்குதுங்க. நல்லாருக்கு. எனக்கு ஒண்ணு கெடைக்குமா?"

ஒன்றை எடுத்து நீட்டினேன். அவருடைய இடது கை முன்னால் வந்தது. பாதியில் நின்றது. பிறகு வலது கை வந்து வாங்கிக்கொண்டது. அதைப் பார்த்தேன் என்று அவருக்குத் தெரியக் கூடாதே என்று ஸ்டாக் அலமாரிப் பக்கம் திரும்பிக்கொண்டேன்.

அவர் அவசரப்படாமல் தாளைப் புரட்டி அக்டோபரில் நிறுத்தினார். "இந்தப் படம் பாத்து வரைஞ்சதுங்களா, கற்பனையா?"

"கற்பனைங்க" என்றேன். வியாபாரத்தில் எத்தனையோ சொல்லியிருக்கிறேன். அவ்வளவு வேகமாக எதையும் சொன்னதில்லை.

"வரைஞ்சது யாருங்க?"

"அச்சாபீஸ்ல குடுத்ததுங்க. யாருன்னு தெரியல."

மருதமுத்துவின் விரல் முழுக்க இந்தியன் இங்க் கறை. அவர் கைகளை மெல்லத் துண்டுக்குள் இழுத்துக்கொண்டதைப் பார்த்தேன்.

"நல்லது. கற்பனையாவே இருக்கட்டும்" என்று சிரித்தார் கூட்டாளி. படி இறங்கியவர் நின்று, என் கடை வாசலில் தொங்கிய எலுமிச்சையை ஒரு தரம் பார்த்துவிட்டுப் போனார்.

போலீசுக்குப் போக வேண்டாம் என்றுதான் நான் மருதமுத்துவிடம் சொன்னேன். இதில் மறைக்க ஒன்றும் இல்லை. எனக்குக் குடும்பம் இருக்கிறது, நாலு ஊருக்குத் தெரிந்த கடை இருக்கிறது. "அடுத்த வருஷம் சாமி படமே போட்டுக்குவோம் ஓவியரே."

"போடுங்க. நல்லாவே வரைஞ்சு தரேன். ஆனா அந்தம்மா காலையில கண்ணாடி முன்னாடி நிக்குமே, அதுக்கு என்னா பண்றது?"

"பயமா இல்லையா?"

"பயமாத்தான் இருக்கு ஏவாரி. அதுக்காகப் பாத்ததப் பாக்கலைன்னு ஆக்க முடியுமா?"

நான்தான் வண்டியில் கூட்டிப் போனேன். காவல் நிலையத்தில் அவர் உள்ளே போக, நான் வண்டியை அணைக்காமல் வெளியே உட்கார்ந்திருந்தேன். வெளியே வந்தவரின் சட்டை நனைந்திருந்தது. "பேப்பர் குடுத்து வரையச் சொன்னாங்க. ஸ்டூல்ல நின்ன ஆள வரைஞ்சு குடுத்தேன். நம்ம கடைக்கு வந்த அதே ஆளுதான்" என்றார்.

போலீஸ் பூட்டை உடைத்துக் கடையைத் திறந்தபோது, மெட்ராஸ் போனதாகச் சொன்ன ஸ்கூட்டர் பாத்திரங்களுக்கு நடுவே நின்றிருந்தது. ஒரு லோடு வண்டி டிரைவரை விசாரித்தார்கள். கூட்டாளி சொல்லி ஒரு மூட்டை ஏற்றியதாகச் சொல்லி, அவர் காட்டிய இடம் அரியலூர்ப் பக்கம் கைவிட்டுப் போன ஒரு சுண்ணாம்புக்கல் பள்ளம். தண்ணீரை இறைத்தார்கள். தமிழரசியம்மாவுக்குப் பதில் கிடைத்துவிட்டது. காரியம் முடிந்த பிறகு அவர் நெற்றியில் வெறும் திருநீற்றோடு வந்து, மருதமுத்துவைக் கையெடுத்துக் கும்பிட்டுவிட்டுப் போனார்.

கூட்டாளி மட்டும் கிடைக்கவில்லை. கடையைத் திறப்பதற்கு முன்பே ஆள் தலைமறைவு. இன்றைய தேதிவரை அகப்படவில்லை.

அதன் பிறகுதான் மருதமுத்துவை என் குடோன் மாடி அறைக்கு மாற்றினேன். படிக்கட்டைப் பார்த்தபடி மேசையைப் போட்டுக்கொண்டார். நான் ஏறும்போது முதல் படியிலேயே, "நான்தான் ஓவியரே" என்று குரல் கொடுத்துவிடுவேன். "நீங்கதான்னு மூச்சு வாங்குறதுலயே தெரியுது. அவனா இருந்தா சத்தமே இருக்காது" என்பார். இரண்டு பேரும் சிரிப்போம். சிரித்து முடித்ததும் படிக்கட்டைப் பார்ப்போம்.

சாமி படம் வரைந்து தருகிறேன் என்று சொன்னவர், அந்த அறையில் இருந்துகொண்டு அடுத்த வருஷக் காலண்டருக்கும் கதையின் மீதியைத்தான் வரைந்தார். நான் தடுக்கவில்லை. கடைசித் தாளிலாவது கொலைகாரனின் முகத்தைக் காட்டுங்கள், கஸ்டமர் கேட்கிறார்கள் என்றேன். "மொகத்தப் போட்டா அந்த ஒருத்தனுக்குத்தான் பயப்படுவாங்க. முதுகப் போட்டா எல்லாரையும் ஒரு தரம் பாப்பாங்க. பாக்கட்டும்" என்றார். கடைசித் தாளில் முகம் இல்லை. அதே ஷட்டர், அதே கயிறு, கருத்துச் சுருங்கிய பழம். மஞ்சள் ஒரு பொட்டுகூட இல்லை. அதை என்னிடம் கொடுத்த சில நாளில் அவர் போய்விட்டார்.

உடைந்த தாழ்ப்பாளை மாற்றி, அவர் அறையைப் பூட்டிச் சாவியை நான்தான் வைத்திருக்கிறேன். போன அமாவாசைக்குக் கடை வாசலில் பழம் மாற்றிய பிறகு, கையில் இன்னொரு கயிறு மிச்சம் இருந்தது. தற்செயலாக மிச்சமானது என்று சொன்னால் பொய். கோக்கும்போதே இரண்டாகத்தான் கோத்திருக்கிறேன். முதல் படியில் கால் வைத்ததும், "நான்தான் ஓவியரே" என்று வாய் சொல்லிவிட்டது. மேலே ஏறி அந்தப் பூட்டிய கதவில் கட்டினேன்.

கீழே நின்ற செல்வி கேட்டாள்: "ஆளே இல்லாத ரூமுக்கு எதுக்குங்க சார் கட்டுறீங்க?"

பயந்தவன்தான் கயிறு மாற்றுவான். ஓவியர் எனக்கு விட்டுப்போனது இதுதான். ஆனால் கூட்டாளி பயந்தது செத்தவருக்கு. எனக்குப் பயம் உயிரோடு இருக்கிறவன் மேல். முடிச்சைப் போட்டுவிட்டுத் தெருவைத் திரும்பிப் பார்த்தேன். அங்கே முதுகைக் காட்டி நின்ற ஒவ்வொருவரையும், அவர்கள் திரும்பும்வரை பார்த்துக்கொண்டிருந்தேன்.