ஒரே கிணறு, ரெண்டு பங்காளி

எங்க டிடிபி கடைக் கம்ப்யூட்டர்ல ரெண்டு தமிழ் சாஃப்ட்வேர். பழசுல சர்ச் நோட்டீஸ், புதுசுல கல்யாணப் பத்திரிகை.

ரெண்டும் ஓடறதுக்கு ஒரே பேர்ல டிஎல்எல்னு ஒரு துணை ஃபைல் வேணும். பழைய ஃபைலைப் போட்டா புதுசு திறக்காது. புது ஃபைலைப் போட்டா பழசு படுத்துக்கும்.

"பங்காளி கிணறு மாதிரி முறை வச்சுக்கம்மா"ன்னார் முதலாளி. அதனால காலையில கல்யாணம், மதியத்துக்கு மேல சர்ச்.

இன்னைக்கு மதியம் ஃபைலை மாத்தி உட்கார்ந்தேன். சர்ச் நோட்டீஸுக்கு வந்த டீச்சரம்மா பக்கத்துல சேரை இழுத்துப் போட்டு, "நாளைக்குத் திருவிழாக் கொடியேத்தம், இப்பவே வேணும்"னாங்க.

அப்பப் பாத்து ஒட்டன்சத்திரத்துக்காரர் காலையில வாங்கிட்டுப் போன கல்யாணப் பத்திரிகை புரூஃபோட வந்தார். "ஏனுங்க, மாப்பிள்ளையோட அப்பா பேரையே விட்டுட்டீங்களே. சம்பந்தி வாசல்ல நிக்கிறாருங்க."

"இப்ப சர்ச் முறைங்க"ன்னேன்.

"ஓ, நீங்க சர்ச்சுக்காரங்களா?"

என் பேரு முத்துமாரி.

அதுக்கப்புறம் டீச்சருக்கு ஒரு எழுத்துப்பிழை, சம்பந்திக்கு ஒரு இனிஷியல்னு, சாயங்காலம் வரைக்கும் ஃபைலை மாத்தி மாத்தி மெஷினை அணைச்சுப் போட்டுக்கிட்டே இருந்தேன். நடுவுல எந்திரிக்கக்கூட வழியில்ல, ரெண்டு பக்கமும் சேர். முதலாளி டீ குடிக்கப் போனவர்தான்.

ரெண்டு பங்காளியும் ஒரே நேரத்துல தண்ணி பாய்ச்ச வந்து நின்னா உங்க ஊர்ல என்ன செய்வீங்க? எங்க வீட்ல கேக்க முடியாது. எங்க கிணத்துக்குக் கேஸ் நடக்குது.