அப்பா அழுத ஊமைப் படம்

புரொஜக்டர் பல்பு சூடேறும்போது அதன் மேல் படிந்த தூசு கருகும் வாசனை எனக்கு இன்றும் பிடிக்கும். பிடிக்கிறதே என்று வெட்கமாகவும் இருக்கும். பெங்களூர் அல்சூரில் எங்கள் தெருச் சங்கத்தின் ஹாலில், மாதம் ஒரு ஞாயிறு மதியம், ஜன்னல்களில் கம்பளியைக் கட்டி இருட்டாக்கி, "ஊமைப் படம்" போடுவார்கள். திரையில் வரும் ஆங்கில எழுத்தைத் தமிழிலும் கன்னடத்திலும் உரக்கச் சொல்வது அப்பாவின் வேலை. இரண்டு வார்த்தை எழுதியிருந்தால் அப்பா இருபது சொல்வார். தாத்தா மைசூர் சமஸ்தானத்தில் உத்தியோகம் பார்த்த மிடுக்கு அவர் குரலில் மிச்சமிருந்தது.

புரொஜக்டர் ஓட்டியவர் சேகர் அண்ணன். கோலார் தங்கவயல் சுரங்கத் தொழிலாளியின் மகன். ஜீவனஹள்ளியில் ஒற்றை அறையில் குடியிருந்தார். அவருக்கும் என் அக்காவுக்கும் காதல் என்பது வீட்டில் எனக்கு மட்டுமே தெரியும். யாரிடமும் சொல்லக்கூடாதென்று அக்கா என் கையைத் தன் தலையில் வைத்துச் சத்தியம் வாங்கியிருந்தாள்.

எனக்கு அப்போது பத்து வயது. அன்றைய படத்தில் ஆலை முதலாளியின் மகள், கரி அள்ளுகிறவனைக் காதலித்தாள். கடைசியில் முதலாளி அவள் கையைப் பிடித்து அவனிடம் கொடுத்தபோது, "ஏழைன்னா மனசு இல்லையா? கூட்டிட்டுப் போப்பா, நல்லா இருங்க!" என்று எழுத்தில் இல்லாததையெல்லாம் சொல்லி அப்பா தேம்பினார். ஹாலே மூக்கைச் சிந்தியது.

அந்த அழுகையை நான் அப்படியே நம்பிவிட்டேன். வீடு திரும்பும் வழியில், "அப்பா, நம்ம அக்காவையும் சேகர் அண்ணனுக்குக் குடுத்துடுங்க. ரெண்டு பேருக்கும் ரொம்பப் பிடிச்சிருக்கு" என்றேன்.

அப்பா நின்றார். "அவன் அப்பன் சுரங்கத்துல இறங்கினவன், தெரியுமா?"

"படத்துல அவனும் கரிதானே அள்ளினான்?"

அப்பா "நல்லவேளை சொன்னே" என்று மட்டும் சொல்லி, ஹோட்டலுக்குக் கூட்டிப்போய் மசால் தோசை வாங்கித் தந்தார். நானும் மிச்சம் வைக்காமல் தின்றேன்.

அடுத்த மாதம் புரொஜக்டருக்கு வேறு ஆள் வந்தார். அக்காவைச் சேலத்தில் கட்டிக்கொடுத்தார்கள். அப்பா சேகர் அண்ணனிடம் என்ன சொல்லி விரட்டினார் என்று நான் கேட்கவே இல்லை. கேட்டால் யார் சொன்னது என்ற பேச்சும் வரும்.

இப்போது அந்த ஹாலும் இல்லை, அப்பாவும் இல்லை. போன மாதம் வந்திருந்த அக்கா, காய் நறுக்கிக்கொண்டே, எந்தக் கோபமும் இல்லாமல் சொன்னாள்: "சேகர் பயந்தாங்கொள்ளிடி. ஒரு வார்த்தை சொல்லாம ஓடிட்டான்."

சொல்லிவிட வாயெடுத்தேன். அக்கா என் முகத்தைப் பார்த்தாள்.

"ஆமாக்கா" என்றேன்.