அம்மா இறங்கிய மேடு

புதுக் காரை மேம்பாலத்தில் ஏற்றியபடி, "பழைய மாடலவிட இதுல பவர் அதிகம்மா. எப்படி இழுக்குது பாத்தியா?" என்றான் மகன். நெய்வேலியில், எழுபதுகளில், என் அப்பாவும் இதையே கேட்டிருக்கிறார்.

சுரங்கத்தில் அப்பா ஓட்டியது மாடிவீடுகளைவிட உயரமான இயந்திரம். ஷிப்ட் முடிந்தால் மொபெட்தான். முன்னால் நான் நிற்பேன், பின்னால் அம்மா. எங்கள் பிளாக்குக்கு முந்தைய மேட்டில் வண்டி திணறும். "எறங்கிக்கோ" என்பார்; அம்மா நடந்து வருவாள்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை வண்டியின் ஸ்பார்க் பிளக்கைத் தேய்த்துத் துடைத்துவிட்டு, "இன்னிக்கு எறங்கவே வேணாம்" என்றார். பாதி மேட்டில் இன்ஜின் இருமியது. உடனே சமாளித்து விறுவிறுவென ஏறியது. "பாத்தியா, எப்படி இழுக்குது!" என்று குவார்ட்டர்ஸ் வாசல்வரை அம்மாவிடம் பேசிக்கொண்டே வந்தார். திரும்பிப் பார்த்தால் பின்னிருக்கை காலி.

சற்று நேரத்தில் நடந்து வந்துசேர்ந்த அம்மா, "இன்னிக்கு நல்லாத்தாங்க இழுத்துச்சு" என்றாள். அதற்குப் பிறகு மேட்டடியிலேயே அப்பாவும் இறங்கிவிடுவார். மூவரும் வண்டியைத் தள்ளிக்கொண்டு நடப்போம்.

"சொல்லும்மா, இழுக்குதுல்ல?" என்றான் மகன்.

நான் பின்னிருக்கையைத் திரும்பிப் பார்த்தேன். எண்பது வயது அம்மாவின் கை கதவுப் பிடியில் இருந்தது.